நகர்ந்தது ஆறுதான்

12 மார்ச் 1930, புதன்

எத்தனை முறை அலசினாலும் அப்பாவின் வேட்டியிலிருந்து மஞ்சள் மண் போகவில்லை. ஆற்றில் அலசினால் ஆற்றுச் சேறும் சேர்ந்துகொள்கிறது. “இது ஆத்து மண்ணா, வெட்டு மண்ணாடி?” என்று அம்மா கேட்டாள். இரண்டும் ஒன்றுதானே என்று தோன்றியது. சொல்லவில்லை. எனக்குப் பேச்சு தொண்டை வரைக்கும் வரும், அங்கேயே நின்றுவிடும். எழுதினால் நிற்பதில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

இந்த இடம் இப்படியே இருக்கப் போவதில்லை என்கிறார்கள். அதனால் எப்படி இருக்கிறது என்று எழுதி வைக்கிறேன்.

நாங்கள் இருக்கும் இடத்துக்கு வளைவு என்று பெயர். கோலாலம்பூர் டவுன் பக்கமிருந்து நேராக வருகிற கிள்ளான் ஆறு இங்கே வந்ததும் மேற்கே திரும்பி, எங்களைச் சுற்றிக்கொண்டு போய், மறுபடி கிழக்கே வந்து, பிறகு தன் வழியைப் பார்த்துப் போகிறது. குதிரை லாடம் மாதிரி. லாடத்துக்குள்ளே எங்கள் லயம் என்கிற வரிசை வீடுகள், செங்கல் சூளை, சீனர்களின் கீரைத் தோட்டம், முனியாண்டி சாமி. லாடத்துக்கு வெளியே, அக்கரையில், பிரிக்பீல்ட்ஸ். கடைகள், ரயில் பட்டறை, பள்ளிக்கூடம் எல்லாம் அங்கேதான்.

இப்போது அரசாங்கம் லாடத்தின் இரண்டு முனைகளையும் சேர்த்து நேராக ஒரு வெட்டு போடுகிறது. ஆறு இனி வளையாமல் அதன் வழியே போகுமாம். இருபத்தாறாம் வருஷத்துப் பெருவெள்ளத்துக்குப் பிறகு செய்த முடிவு. வெட்டுகிறவர்களில் எங்கள் அப்பாவும் ஒருவர்.

அந்த வெள்ளத்தைப் பற்றியும் எழுதத்தான் வேண்டும். எனக்கு அப்போது பதினொரு வயது. அக்கரைக் கடையில் உப்பு வாங்கிக்கொண்டு சம்பான் படகில் திரும்பினேன். நடு ஆற்றில் சம்பான், ஓட்டியவர் கையை மீறிப் போயிற்று. ரயில் பாலத்துத் தூணில் மோதி நின்றது. கரையில் ஓடி வந்த அப்பா, முனியாண்டி இருக்கிற பக்கம் திரும்பி, “எம்மவளக் குடுத்துரு, இனிமே அவ ஆத்தத் தாண்ட மாட்டா!” என்று கத்தினாராம். என்னைக் கொடுத்துவிட்டார் முனியாண்டி. பள்ளிக்கூடத்தை எடுத்துக்கொண்டார்.

நான்காம் வகுப்போடு சரி. அதன் பிறகு ஒரு தடவைகூட அக்கரை மண்ணை மிதித்ததில்லை.

15 மார்ச், சனி

மளிகை சுற்றி வந்த காகிதத்தில் பாதிக் கதை இருந்தது. மீதிப் பாதி யார் வீட்டு மிளகாயைச் சுற்றிப் போனதோ.

6 ஏப்ரல், ஞாயிறு

அப்பா இன்று மடியில் எதையோ முடிந்துகொண்டு வந்தார். அவிழ்த்துத் தரையில் கொட்டினார். ஆற்று மணல், வழுவழுப்பான கூழாங்கல், இரண்டு சிப்பி.

“ஆத்துல பொறுக்கினதா?” என்றாள் அம்மா.

“ஆத்துலயா? வெட்டுல. ஆள் உசரத்துக்குக் கீழ தோண்டினா பூராவும் இதுதான். இந்த ஆறு முன்னாடியே இங்கதான் ஓடியிருக்கு வீரம்மா. நாம என்னமோ புதுசா வழி காட்டுறோம்னு நெனச்சா, அது நடந்த வழிக்கே திருப்பி விடுறோம்.”

அப்பா இப்படி நீளமாகப் பேசுவது அபூர்வம். எவ்வளவு காலத்துக்கு முன்னால் என்று கேட்க ஆசை. கேட்கவில்லை. சிப்பியை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டேன்.

படுத்துக்கொண்டு யோசித்தேன். ஆறு முதலில் அங்கே ஓடியது. பிடிக்கவில்லை போலும், இங்கே வந்தது. யாரைக் கேட்டு வந்தது? எந்தச் சாமியிடம் யார் வேண்டிக்கொண்டார்கள்? ஆற்றுக்கு இருக்கிற சலுகை எனக்கு இல்லை.

9 மே, வெள்ளி

சம்பான்காரர் பாக் மாட் துணி துவைக்கிற துறையில் உட்கார்ந்து புகைத்துக்கொண்டிருந்தார். தமிழ் நன்றாகப் பேசுவார். அம்மாவிடம் பேசினார் என்றாலும் நான் கேட்கத்தான் பேசியது போல இருந்தது.

அவருடைய தாத்தா காலத்தில் இந்த ஆறு தெளிவாக இருந்ததாம். கிள்ளானில் கடல் வாயிலிருந்து அரிசியும் ஆட்களும் ஏற்றிய படகுகள் இந்த வழியாகத்தான் மேலே போகுமாம். கொம்பாக் ஆறு வந்து சேருகிற இடம் வரைக்கும் போகலாம். அதற்கு மேல் ஆழம் கிடையாது. அங்கே இறங்கி ஈயம் தோண்டக் காட்டுக்குள் நடந்து போவார்கள். இறங்கின இடத்தில் ஒரு கடை, அதன் பக்கத்தில் இன்னொரு கடை. அப்படி வந்ததுதான் கோலாலம்பூர் டவுன். பிறகு மேலே ஈயத்துக்காக மண்ணைக் கழுவக் கழுவ, கழுவின மண்ணெல்லாம் ஆற்றில் இறங்கி, ஆற்றின் தரை மேலே வந்துவிட்டது.

“அப்ப முங்கினா தரை அகப்படாது. இப்ப கம்பு வெச்சா சேறு. தண்ணி எங்க போவும்? உங்க வீட்டுக்குத்தான் வரும் லா” என்றார். பிறகு என்னைப் பார்த்து, “சுங்கை பிண்டா ரூமா, தனம். ஆறு வீடு மாறுது. நானும் வேற வேல பாக்கணும்” என்று சிரித்தார்.

வெள்ளத்தன்று தூணைக் கட்டிப் பிடித்து என்னை விடாமல் வைத்திருந்தவர் இவர்தான். அவர் யாரிடமும் எதையும் வேண்டிக்கொள்ளவில்லை. பிடித்துக்கொண்டார், அவ்வளவுதான்.

19 ஜூலை, சனி

இன்று ஆற்றைத் திறந்தார்கள்.

லயமே மண் மேட்டில் ஏறி நின்றது. பூசாரி வேலாயுத மாமா பூசணிக்காயில் குங்குமம் அடைத்து உடைத்தார். வெள்ளைக்காரத் துரை தள்ளி நின்று பார்த்தார். வெட்டுக்கும் ஆற்றுக்கும் நடுவே கடைசியாக விட்டிருந்த மண் திட்டைக் கொத்தி விட நான்கைந்து பேரை இறக்கினார்கள். அப்பாவும் இறங்கினார். இடுப்பில் கயிறு. அம்மா முந்தானையைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

முதலில் ஒரு சின்ன ஓடை. குழந்தை தாண்டிவிடும், அவ்வளவுதான். “இதுக்கா இத்தன மாசம்?” என்று யாரோ சிரித்தார்கள். சிரிப்பு முடிவதற்குள் திட்டு தானாகவே இடிய ஆரம்பித்தது. கயிற்றைப் பிடித்து எல்லாரையும் மேலே இழுத்துப் போட்டார்கள். பெரிய பெரிய மண் கட்டிகள் விழுந்தன, கரைந்தன. பழுப்பு நிறத்தில் ஆறு முழுதும் திரும்பியது. மாடு கொட்டகைக்குத் திரும்புகிற மாதிரி — வழி தெரிந்த திரும்பல்.

அப்பா இடுப்புக் கயிற்றை அவிழ்த்துக்கொண்டே என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். “நாம வெட்டினது கொஞ்சம்தான். மிச்சத்த அதுவே வெட்டிக்கிது” என்றார்.

22 ஜூலை, செவ்வாய்

பழைய ஆற்றில் தண்ணீர் ஓடவில்லை. குட்டை குட்டையாக நிற்கிறது. விரால், கெளுத்தி எல்லாம் சேற்றில் துடிக்க, வளைவே கூடை எடுத்துக்கொண்டு இறங்கிவிட்டது. நானும் இறங்கினேன். கெளுத்தி முள் குத்தினாலும் பரவாயில்லை என்று நடு ஆறு வரைக்கும் போய்விட்டேன். நான்கு வருஷத்தில் இவ்வளவு தூரம் வந்ததில்லை. பிரிக்பீல்ட்ஸ் கரையில் துணி காயப் போட்டிருப்பதுகூடத் தெரிந்தது.

“தனம்! போதும், திரும்பு!” அம்மா கரையிலிருந்து.

திரும்பினேன். முழங்கால் அளவு சேறுகூட இல்லாத இடத்தில் நிற்கிற என்னை ஆற்றைத் தாண்டாதே என்கிறாள்.

3 ஆகஸ்ட், ஞாயிறு. ஆடிப் பதினெட்டு

காலையில் லயத்தில் பெரிய குழப்பம். பெருக்குக்குக் காப்பரிசியும் மஞ்சள் கயிறும் எடுத்துக்கொண்டு எங்கே போவது? வழக்கமாகப் போகும் துறைக்கா? அங்கே தவளைதான் இருக்கிறது. புது வெட்டுக்கா? அது போன மாதம் வரைக்கும் தரையாக இருந்த இடம்.

“நிக்கிற தண்ணியில யாராச்சும் பெருக்குக் கும்பிடுவாங்களா?” என்றாள் பக்கத்து வீட்டு வள்ளியம்மா அக்கா. “அது என்ன பெருகிச்சு, கொசுதான் பெருகிச்சு.”

“வெட்டு கவர்மெண்டு தோண்டினது. அதுல ஆத்தா இருப்பாளா?” என்றாள் இன்னொருத்தி.

கடைசியில் அம்மாதான் முடிவு செய்தாள். “தண்ணி ஓடுற எடத்துலதான் ஆத்தா இருப்பா. இங்கேருந்து எந்திரிச்சு அங்க போயிட்டா. நாமளும் போவோம்.” எல்லாரும் புது வெட்டுக்குப் போனோம். கரையில் சாணி தெளித்து, பிள்ளையார் பிடித்து வைத்து, வாழை மட்டையில் விளக்கு விட்டோம். அப்பாவும் வந்தார். தான் வெட்டின கரையில் விழுந்து கும்பிட்டார்.

நான் கும்பிடவில்லை. பார்த்துக்கொண்டு நின்றேன். ஒன்று தோன்றிவிட்டது. அது போகவே மாட்டேன் என்கிறது.

அம்மாவே சொல்லிவிட்டாள். எல்லாரும் ஒத்துக்கொண்டார்கள். ஆறு இப்போது எங்களுக்குக் கிழக்கே இருக்கிறது. பிரிக்பீல்ட்ஸ் மேற்கே. அப்படியென்றால் பள்ளிக்கூடமும் நானும் ஒரே கரையில் இருக்கிறோம்.

நான் எங்கும் போகவில்லை. ஆறுதான் நகர்ந்தது.

27 ஆகஸ்ட், புதன்

வெட்டில் எடுத்த மண்ணைக் கொட்டிப் பழைய ஆற்றைத் தூர்த்துக்கொண்டிருக்கிறார்கள். ஒரு பாதை விழுந்துவிட்டது. அந்தப் பாதையில் இன்று பள்ளிக்கூடத்து நல்லம்மாள் டீச்சர் குடை பிடித்துக்கொண்டு வந்தார். இனிமேல் சம்பான் வேண்டாம், பெண் பிள்ளைகளை அனுப்புங்கள் என்று வீடு வீடாகச் சொல்ல வந்தாராம்.

நான் கதவுக்குப் பின்னால் நின்றேன். எப்படியோ பார்த்துவிட்டார்.

“நீ தனலெட்சுமிதானே? உன் கையெழுத்து எனக்கு ஞாபகம் இருக்கு. பெரிய பிள்ளையானா என்ன, வா. காலையில சின்னதுங்களுக்கு எழுத்துச் சொல்லிக் குடு. மத்தியானம் உனக்கு விட்டுப்போன பாடத்த நான் சொல்லித் தர்றேன். வர்ற வருஷம் ஆரம்பத்துல வந்துரு.”

தலையை மட்டும் ஆட்டினேன்.

டீச்சர் போனதும் அப்பா சொன்னது ஒரே வரி. “வேண்டுதல் இருக்கு.”

28 ஆகஸ்ட், வியாழன்

கேட்டுவிட்டேன்! கஞ்சி ஊற்றும்போது, அவர் முகத்தைப் பார்க்காமல், சட்டியைப் பார்த்துக்கொண்டு கேட்டேன்.

“அப்பா, எது ஆறு?”

“என்ன?”

“பெருக்குக்கு நீங்க எங்க கும்பிட்டீங்க? வெட்டுலதானே? அப்ப அதுதானே ஆறு. நான் பள்ளிக்கூடத்துக்குப் போறதுக்கு அதத் தாண்ட வேண்டாமே.”

அப்பா கஞ்சியைக் குடிக்காமல் என்னையே பார்த்தார். கோபமா என்று தெரியவில்லை. “வாய் வந்துருச்சு ஒனக்கு” என்று எழுந்து போனார். கேட்டது கேட்டதுதான்.

31 ஆகஸ்ட், ஞாயிறு

அப்பா வேலாயுத மாமாவைக் கூட்டி வந்துவிட்டார். என் கேள்விக்குப் பதில் சொல்ல அவருக்குத் தெரியவில்லை என்றால் பூசாரிக்குத் தெரிந்துவிடுமா?

மாமா வெற்றிலையை மென்று முடிக்கிற வரைக்கும் எல்லாரும் காத்திருந்தோம். “ஆத்தா எந்திரிச்சுப் போனாலும் அவ படுத்திருந்த பாய் அவளோடதுதான். அதத் தாண்டுறதும் அவளத் தாண்டுறதுதான்” என்றார்.

கதவுக்குப் பின்னாலிருந்து கேட்டேன். “அப்ப வெட்டுக்குள்ளயும் பழைய பாய் இருக்கே மாமா. அப்பா சிப்பி எடுத்துட்டு வந்தாரு. ஆத்தா எத்தன பாய்ல படுத்திருக்கா? நம்ம லயத்துக்கு அடியிலயும் மணல்தான் இருக்கு. அப்ப நாம தெனமும் தாண்டிக்கிட்டுத்தானே இருக்கோம்?”

வள்ளியம்மா அக்கா வெளியே களுக்கென்று சிரித்தாள். மாமாவுக்கு முகம் சிவந்துவிட்டது. “நாகையா, ஒம் மகளுக்குச் சீக்கிரமா ஒரு மாப்பிள்ளையப் பாரு” என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

இதற்குத்தான் நான் பேசுவதில்லை. பேசினால் மாப்பிள்ளை வருகிறான்.

14 செப்டம்பர், ஞாயிறு

நிஜமாகவே வருகிறான். காப்பாரில் தென்னந்தோட்ட வேலை. பெயர் பாலன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவன் சித்தப்பா பெண் பார்க்க வருகிறார்.

21 செப்டம்பர், ஞாயிறு

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். நாளைக்கு என்னாலேயே நம்ப முடியாமல் போகலாம்.

சித்தப்பா சின்னையா நல்ல பருமன். பாலனின் அம்மாவும் வந்திருந்தார். பாலன் வரவில்லை, தோட்டத்தில் லீவு கிடைக்கவில்லையாம். நான் காப்பி கொண்டு போய் வைத்துவிட்டுத் திரும்பிவிட்டேன். எதுவும் பேசவில்லை. அதுவே அவர்களுக்குப் பிடித்துவிட்டது. “அடக்கமான புள்ள” என்றார் அந்த அம்மா. தை மாதத்தில் வைத்துக்கொள்ளலாம் என்று அப்பாவே சொன்னார். வேண்டுதல் என்று ஒரு வார்த்தை வரவில்லை. நான் கதவருகில் நின்று காத்துக்கொண்டிருந்தேன். இப்போது சொல்வார், இப்போது சொல்வார் என்று. பள்ளிக்கூடம் என்றதும் வந்த வேண்டுதல் எங்கே போயிற்று?

பிறகு அம்மா கேட்டாள், “காப்பாருக்கு எப்படிண்ணே வர்றது? ரொம்ப தூரமோ?”

“என்ன தூரம் தங்கச்சி! இங்க ரயிலேறினா கிள்ளான். எறங்கி, பெரிய பாலத்தத் தாண்டினா அந்தாண்ட காப்பார் ரோடு.”

அப்போது என் குரல் கேட்டது. என் குரல்தான்.

“அது எந்த ஆத்துப் பாலம்?”

எல்லாரும் திரும்பினார்கள். சின்னையா சிரித்தார். “எந்த ஆறா? கிள்ளான் ஆறுதாம்மா. இங்க ஓடுற இதே தண்ணிதான் அங்க வருது. பாலத்துக்கு முன்னாடி ரயிலுமே ஒரு தடவ அதத் தாண்டும். வேடிக்க பாத்துக்கிட்டே வரலாம்!”

“அப்ப நான் வர முடியாது” என்றேன். “நான் ஆத்தத் தாண்ட மாட்டேன்னு அப்பா முனியாண்டிகிட்ட வேண்டியிருக்காரு. இந்த எடத்துல மட்டும்னு சொல்லல. ஆத்தன்னுதான் சொன்னாரு.”

சின்னையா அப்பாவைப் பார்த்தார். “நெசமா நாகையா?”

அப்பா பொய் சொல்ல மாட்டார். “நெசந்தான்” என்றார் தரையைப் பார்த்து.

அந்த அம்மா உடனே எழுந்துவிட்டார். “சாமி காரியம். எம்மவனுக்கு ஒன்னு ஆச்சுன்னா யாரு பதில் சொல்றது? மொதல்லயே சொல்ல வேணாமா?” காப்பியில் பாதி மிச்சம்.

இப்போது எழுதும்போது ஒன்று தெரிகிறது. ரயில் ஏறுகிற இடம் ஆற்றின் வலப் பக்கம்; சின்னையா சொன்னபடி ரயிலில் ஒரு தடவை, பாலத்தில் ஒரு தடவை தாண்டினால் காப்பாரும் வலப் பக்கம்தான். வெட்டு திறந்த பிறகு நாங்களும் வலப் பக்கம்தான். ரயிலை விட்டுவிட்டுக் கரையோடு நடந்தே போனால் தாண்டாமல் காப்பார் போய்ச் சேரலாம். யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும் அப்போது தோன்றவில்லை. நல்லவேளை.

23 செப்டம்பர், செவ்வாய்

அப்பா என்னோடு பேசுவதில்லை. அம்மா பேசுகிறாள். பேசாமலிருந்தால் தேவலை.

“கல்யாணம்னா வேண்டுதல் இருக்கு. பள்ளிக்கூடம்னா வேண்டுதல் இல்ல. நல்லா இருக்குடி ஒன் நியாயம்!”

ஆமாம், நல்லாத்தான் இருக்கிறது. காப்பாருக்கு ஆறு தாண்ட வேண்டும். பள்ளிக்கூடத்துக்குத் தாண்ட வேண்டாம். நான் இரண்டு இடத்திலும் ஒரே வார்த்தையைத்தான் சொல்கிறேன். இடத்துக்கு ஏற்றபடி மாற்றினது யார்? நானா?

ஆனால் ராத்திரி சோறு இறங்கவில்லை. வந்தவர்கள் முன்னால் அப்பா தரையைப் பார்த்தாரே, அது.

2 அக்டோபர், வியாழன்

அப்பா இன்று பேசினார். முற்றத்தில் மண்வெட்டிக்குப் புதுக் காம்பு போட்டுக்கொண்டே, என்னைப் பார்க்காமல்.

“அன்னிக்கி நீ தூணு கிட்ட இருந்தது ஒனக்கு என்ன தெரியும்? தலை தெரியும், அப்புறம் தெரியாது. தலை தெரியும், அப்புறம் தெரியாது. எனக்கு நீச்சல் தெரியாது தனம். கத்தத்தான் தெரிஞ்சுது. கத்தினேன். ஒன்ன அடச்சு வைக்கணும்னா கத்தினேன்?”

எனக்கு அழுகை வந்தது. அழுதாலும் சொல்ல வேண்டியதைச் சொன்னேன். “அடச்சுத்தானேப்பா இருக்கு.”

காம்பைச் சீவினார். “வெள்ளிக்கிழம பூக்கட்டிப் பாப்போம். வெள்ளப் பூ வந்தா வேண்டுதல் தீந்துச்சுன்னு அர்த்தம். போய்ப் படி. சேப்பு வந்தா அதோட விட்டுரணும். சரியா?”

நான் சரி என்று சொல்லவில்லை. சொல்லவில்லை என்பதை இங்கே எழுதி வைக்கிறேன்.

17 அக்டோபர், வெள்ளி

இரண்டு வெள்ளிக்கிழமை மழையில் தள்ளிப் போய் இன்றுதான் பார்த்தார்கள். வேலாயுத மாமா இரண்டு பூவையும் இலையில் மடித்து முனியாண்டி காலடியில் வைக்க, வள்ளியம்மா அக்காவின் கைக்குழந்தை ஒன்றை எடுத்ததாம். செம்பருத்தி.

மாமாவுக்கு ஒரே மகிழ்ச்சியாம். வீட்டுக்கு வந்த அப்பா முகத்தில் மகிழ்ச்சி இல்லை. அது எனக்குத் தெரிந்தது. “சேப்பு வந்துருச்சும்மா” என்றார். மறைத்திருக்கலாம். மறைக்கவில்லை.

“நான் போவேன்ப்பா” என்றேன்.

“சாமி சொல்லிருச்சே.”

“குழந்தைக்குச் சேப்பு புடிச்சிருந்துச்சு. எடுத்துச்சு. குத்தம் வந்தா எனக்கு வரட்டும். வேண்டினது நீங்க, தலை என்னோடது.”

அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். அப்பா அடிப்பார் என்று நினைத்தேன். அடிக்கவில்லை. போகாதே என்றும் சொல்லவில்லை. அவர் அதைச் சொல்லிவிடக் கூடாதே என்று நானும் அந்த இடத்தை விட்டு நகர்ந்துவிட்டேன்.

8 நவம்பர், சனி

லயத்தில் என்னை “ஆத்துக்காரி” என்று கூப்பிடுகிறார்கள். கேலிதான். வேறு பெயரை விட இது மோசமில்லை.

30 டிசம்பர், செவ்வாய்

பழைய ஆறு இருந்த இடத்தில் சீனர்கள் கீரைப் பாத்தி கட்டிவிட்டார்கள். ஆத்தாவின் பாயில் கங்கோங் கீரை நன்றாக வருகிறது.

5 ஜனவரி 1931, திங்கள்

காலையில் தலை வாரப் போனேன். அம்மா சீப்பைப் பிடுங்கிக்கொண்டாள். மறைத்து வைக்கத்தான் என்று நினைத்தேன். என்னைப் பிடித்து உட்கார வைத்து, எண்ணெய் வைத்து, தலையே வலிக்கிற மாதிரி இறுக்கிப் பின்னிவிட்டாள். ஒரு வார்த்தை பேசவில்லை. முடித்ததும் முதுகில் ஒரு தள்ளு.

அப்பா அதற்கு முன்பே வேலைக்குப் போயிருந்தார்.

பாதையில் நடந்தேன். பாதி தூரத்தில், அன்று மீன் பிடித்த இடம் இதுதான் என்று தோன்றியது. கால் நின்றது. பயம் இல்லை என்று எழுதினால் பொய். முனியாண்டி இருக்கிற பக்கம் திரும்பி, “பாத்துக்க” என்றேன். வேண்டுதல் இல்லை, தகவல்.

பிறகு போய்விட்டேன்.

9 ஜனவரி, வெள்ளி

பலகையில் உட்கார்ந்தால் என் முழங்கால் மேசையில் இடிக்கிறது. பக்கத்தில் இருப்பவர்கள் என் இடுப்பு உயரம். “அக்கா, நீங்க பெயிலா?” என்று ஒன்று கேட்டது. எல்லாம் சிரித்தன. ஒரு நாழிகை எதுவும் தெரியவில்லை எனக்கு.

திங்களன்றும் போவேன்.

11 பிப்ரவரி, புதன்

சின்னப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லித் தருகிறேன் என்று பெயர். என் குரல் முதல் வரிசையைத் தாண்டுவதில்லை. டீச்சர் பின்னால் நின்று, “கேக்கல தனம்” என்கிறார். தினமும். மத்தியானம் பூகோளம். படத்தில் ஆறு இன்னும் பழைய வளைவிலேயே ஓடுகிறது. நான் பென்சிலால் நேராக ஒரு கோடு போட்டேன். டீச்சர் பார்த்தார், அழிக்கச் சொல்லவில்லை.

வீட்டில் அப்பா பள்ளிக்கூடம் என்ற சொல்லையே எடுப்பதில்லை. நானும்தான். ஆனால் விளக்கை என் பக்கம் தள்ளி வைக்கிறார்.

15 ஏப்ரல், புதன்

நேற்றிலிருந்து விடாத மழை. காலையில் வெட்டு நிறைந்து ஓடுகிறது என்றார்கள். பள்ளிக்கூடத்தில் பாதிப் பிள்ளைகள்தான் இருந்தார்கள். இருபத்தாறாம் வருஷம் மாதிரி வரப்போகிறது என்று யாரோ வாசலில் சொல்லிவிட்டுப் போக, ஒன்று அழ ஆரம்பித்தது. உடனே எல்லாம். சில தாய்மார்கள் ஓடி வந்து தங்கள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு போனார்கள். டீச்சர் வாசலில் நின்று அவர்களைச் சமாதானம் செய்துகொண்டிருந்தார்.

அப்போது கதவில் அப்பா. தலையிலிருந்து கால் வரைக்கும் சேறு, கையில் மண்வெட்டி. மூன்று மாதமாக இந்தப் பக்கம் வராதவர். எனக்குத் தெரிந்துவிட்டது. இந்த நாளுக்குத்தான் அவரும் காத்திருந்தார், நானும் காத்திருந்தேன்.

அவர் வாயைத் திறப்பதற்குள் சொன்னேன். “நான் வர மாட்டேன்.”

“யாரு கூப்பிட்டா ஒன்ன?” என்றார். மூச்சு வாங்கியது. “காலையிலேருந்து கரையிலதான் நிக்கிறேன். தண்ணி கரைய ஏற இன்னும் ஒரு முழம் இருக்கு. மேல மழ விட்டுருச்சாம், எறங்க ஆரம்பிச்சாச்சு. இங்கிட்டு வராது. டவுனுக்கே கேக்குற மாதிரி அழுவுதுங்களே, அதச் சொல்லத்தான் வந்தேன். போய்ச் சொல்லு.”

“நீங்களே சொல்லுங்கப்பா.”

“நானா? நான் என்ன டீச்சரா?” என்று சொல்லிவிட்டு, வந்த வேகத்தில் மழைக்குள் திரும்பிப் போய்விட்டார். கரைக்குத்தான்.

நான் மேசைப் பக்கம் போய் நின்றேன். “தண்ணி வராது” என்றேன். யாருக்கும் கேட்கவில்லை. இன்னும் ஒரு தடவை சொன்னேன், கத்தித்தான் சொன்னேன். அப்படி நான் கத்தினதே இல்லை. அழுகை பட்டென்று நின்றது. கடைசி வரிசையிலிருந்து ஒரு குட்டி மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டது, “யாரு சொன்னாக்கா?”

“எங்கப்பா. அந்த ஆத்த வெட்டினவரு.”

அது சிலேட்டை எடுத்தது. மற்றவர்களும் எடுத்தார்கள். ஈ வரைக்கும் எழுதியிருந்தோம். உ எழுதச் சொன்னேன்.